பண்ணை எந்த ஃபோல்டரில்?

பெரிய காஞ்சிபுரம்
20 ஜனவரி 2025

தம்பி ஆனந்தகுமாருக்கு,

நீ ஓசூரில் நன்றாக இருப்பதாக உன் கூட்டாளி விஷால் சொன்னான். இந்த முகவரியையும் அவனிடம்தான் வாங்கினேன். லேசில் தரவில்லை. "அக்கா, நான் குடுத்தேன்னு மட்டும் சொல்லிடாதீங்கக்கா, என்னை உரிச்சிடுவான்" என்று கெஞ்சினான். சொல்ல மாட்டேன் என்று சத்தியம் செய்திருக்கிறேன். அதனால் இந்தப் பத்தியைப் படித்ததும் மறந்துவிடு.

போனில் பேசலாமே என்று உன் மாமா கேட்டார். நான் உன்னை பிளாக் செய்தேன், நீ நம்பரையே மாற்றிவிட்டாய், எங்கே பேசுவது? பேசினாலும் நீ ஒன்று சொல்வாய், நான் நாலு சொல்வேன். எழுதினால் அடித்துவிட்டு மறுபடி எழுதலாம். இந்தக் கடிதமே மூன்றாவது தாள்.

விஷயத்துக்கு வருகிறேன். உன் மருமகள் சங்கரிக்கு மாசி இருபத்தாறு, மார்ச் பத்தாம் தேதி, குமரக்கோட்டம் முருகன் கோயிலில் மொட்டையடித்துக் காது குத்துகிறோம். காது குத்த மாமன் மடி வேண்டும். எனக்குக் கூடப் பிறந்தவன் நீ ஒருவன்தான். நீ கோபித்துக்கொண்டு போய்விட்டாய் என்று தெருவுக்கே தெரியும். பெரியப்பா மகன் சபாபதி அண்ணன் போன வாரமே வந்து உட்கார்ந்துகொண்டார். "கூடப் பொறந்தவன் வர்லன்னா இன்னாமா, நான் இல்லியா? எம் மடி இன்னா முள்ளா? இப்பவே புது வேட்டி எடுத்து வெச்சிக்கினு இருக்கேன்" என்கிறார். அந்த வேட்டியின் கரையைக்கூட விரித்துக் காட்டினார். நான் காபி கொடுத்து அனுப்பினேன்.

ஆயுத பூஜையைப் பற்றி ஒரு வார்த்தை. தறியைத் துடைத்தேன், நூல் ஓட்டுகிற நாடாவைத் துடைத்தேன், உன் கம்ப்யூட்டரைத் துடைத்தேன். எல்லாவற்றுக்கும் சந்தனம் குங்குமம் வைத்தேன். பக்கத்தில் இருந்த உன் கறுப்பு டப்பாவுக்கும் வைத்தேன். அதன் ஓரத்தில் ஒரு சின்னப் பள்ளம் இருந்தது, பொட்டு வைக்க வாகாக இருந்தது. அது ஒயர் செருகுகிற இடம் என்று யார் எனக்குச் சொன்னார்கள்? ஒரு டப்பா கெட்டுப்போனதற்கு "படிக்காதவள் கையில் கொடுத்தால் இப்படித்தான்" என்று சொல்லிவிட்டுப் பையைத் தூக்கிக்கொண்டு போனாயே, நான் பிளஸ் டூ முடித்தவள்.

வருவாயா மாட்டாயா, ஒரு வரி எழுது.

புவனேஸ்வரி


ஓசூர்
27 ஜனவரி 2025

அக்கா,

விஷாலை உரிக்க மாட்டேன். அவனுக்கு மனசு பலவீனம் என்று எனக்கு முன்பே தெரியும்.

நீ சொன்ன "கறுப்பு டப்பா" ஒரு ஹார்ட் டிஸ்க். அதற்குள் நம் பண்ணை இருந்தது. அம்மா இறந்த வருஷம் நாம் கேமில் ஆரம்பித்த பண்ணை. வேலைக்குப் போய் வந்து சாப்பிட்டதும் நான் கம்ப்யூட்டர் முன்னால் உட்காருவேன். நீ பக்கத்தில் முக்காலி போட்டு தறிக்கு நூல் தார் சுற்றிக்கொண்டே "அங்கே கத்திரிக்காய் போடு, இங்கே தண்ணி விடு, அந்த மரத்தை வெட்டாதே" என்று அதிகாரம் செய்வாய். நான் ஒரு நாற்று நட்டால் நீ இரண்டு குறை சொல்வாய். நான்கு வருஷம் அப்படி வளர்த்தது. அதன் மேல் நீ ஈரச் சந்தனத்தை அப்பினாய், மறுநாள் நான் ஒயரைச் செருகியதும் டப்பென்று புகை வந்தது. ரிப்பேர்காரர் திறந்து பார்த்துவிட்டு, "இன்னா சார், உள்ள சாமி இருக்குதா?" என்று கேட்டார்.

படிக்காதவள் என்று சொன்னது தப்பு. பிளஸ் டூவில் நீ என்னைவிட அதிக மார்க். ஆனால் நீ அதற்கு என்ன சொன்னாய் என்பதும் எனக்கு ஞாபகம் இருக்கிறது. "போனா போவுது, வெட்டிப் பசங்க ஆடுற ஆட்டம்." அந்த ஆட்டத்தில் பாதி உன் பங்கு, அக்கா. வேறு யாராவது அப்படிச் சொல்லியிருந்தால் எனக்கு இவ்வளவு கோபம் வந்திருக்காது.

சரி, வருகிறேன். ஒரு நிபந்தனை. பண்ணையைக் கண்டுபிடித்துத் திறந்து வை. டிஸ்க் செத்தாலும் பண்ணை முழுசாகச் செத்திருக்காது. அது மூன்று இடத்தில் இருக்க வாய்ப்பு இருக்கிறது: கம்ப்யூட்டரிலேயே ஒரு மறைவான ஃபோல்டரில், நான் ஓரிக்கை ஜோசுவாவுக்கு விற்ற டிவி கேம் பாக்ஸில், உன்னுடைய உடைந்த பழைய போனில். ஓசூரில் இருந்துகொண்டு என்னால் தேட முடியாது. அதை உடைத்தவள் தேடட்டும்.

முதலில் கம்ப்யூட்டர். எக்ஸ்புளோரரைத் திற. மேலே "வியூ" என்று இருக்கும், அதில் "ஹிடன் ஐட்டம்ஸ்" என்பதற்கு டிக் போடு. பிறகு சி டிரைவ், யூசர்ஸ், என் பெயர், "ஆப்டேட்டா", "ரோமிங்". அங்கே கேமின் பெயரில் ஒரு ஃபோல்டர் இருந்தால் அப்படியே காப்பி செய்து அனுப்பு.

சபாபதி அண்ணன் மடி முள் இல்லைதான். ஆனால் அவர் உட்கார்ந்த இடத்திலேயே குறட்டை விடுவார், ஜாக்கிரதை.

ஆனந்தகுமார்


பெரிய காஞ்சிபுரம்
3 பிப்ரவரி 2025

தம்பி,

இத்தனை நாள் மனசில் வைத்துக்கொண்டு வெந்ததெல்லாம் இதற்குத்தானா! நீ எழுதிய வழியெல்லாம் எனக்குத் தேவையே படவில்லை. கம்ப்யூட்டரைப் போட்டதும் முதல் பக்கத்திலேயே உன் பண்ணை உட்கார்ந்துகொண்டிருக்கிறது. பச்சை வயல், சிவப்புக் கூரை, கீழே ஆங்கிலத்தில் பெயர். இதைத்தான் புகைந்து போயிற்று என்று ஊரைக் கூட்டினாயா?

காப்பி செய்து பென் டிரைவில் போட்டு இதோடு கூரியரில் அனுப்புகிறேன். போட்டதும் ஒரு நொடிகூட ஆகவில்லை, சடக்கென்று ஏறிவிட்டது. உன் மாமா பக்கத்தில் நின்றுகொண்டு, "நாலு வருஷப் பண்ணை அதுக்குள்ள ஏறிடுச்சா?" என்று சந்தேகப்பட்டார். நான் ஒரு பார்வை பார்த்தேன், தறிக்குப் போய்விட்டார்.

நிபந்தனை முடிந்தது. மார்ச் ஒன்பதாம் தேதியே வந்துவிடு. சபாபதி அண்ணனுக்கு நான் பதில் சொல்ல வேண்டும்.

புவனேஸ்வரி


ஓசூர்
6 பிப்ரவரி 2025

அக்கா,

மாமா கெட்டிக்காரர் என்று சொல்.

நீ அனுப்பியது ஐகான். அந்தப் படத்தின் கீழ் மூலையில் ஒரு குட்டி அம்புக்குறி இருப்பதைப் பார்த்தாயா? அம்பு இருந்தால் அது கேம் இருக்கும் இடத்துக்கு வழி காட்டுகிற பலகை, அவ்வளவுதான். நம் தெருமுனையில் பட்டுக்கடைக்கு வழி என்று போர்டு இருக்கிறதே, அந்தப் போர்டைப் பிடுங்கி கூரியரில் அனுப்பிவிட்டு கடையையே அனுப்பிவிட்டேன் என்கிறாய். ரூமில் இதைச் சொன்னேன். கூட இருக்கும் முனிரத்தினம் கட்டிலிலிருந்து உருண்டு விழுந்து சிரித்தான். நானும் சிரித்தேன். உன்மேல் கோபம் வந்த பிறகு உன்னை நினைத்துச் சிரித்தது இப்போதுதான்.

ஆனால் நிபந்தனை அப்படியே இருக்கிறது. மறைவான ஃபோல்டரைப் பார். அங்கே இல்லையென்றால் ஓரிக்கை போய் ஜோசுவா வீட்டு பாக்ஸைப் பார். நான் விற்கும்போது எதையும் அழிக்காமல் அப்படியே கொடுத்துவிட்டேன்.

சங்கரிக்கு இப்போது என்னென்ன வார்த்தை வருகிறது?

ஆனந்தகுமார்


பெரிய காஞ்சிபுரம்
14 பிப்ரவரி 2025

மாட்டுக்கு அக்கா பெயர் வைத்த மகானுக்கு,

இரு, வரிசையாகச் சொல்கிறேன்.

மறைவான ஃபோல்டரைத் திறந்தேன். டிக் போட்டதும் இதுவரை இல்லாத ஃபோல்டர்கள் எல்லாம் மங்கலாக எழுந்து நின்றன. நம் வீட்டுக்குள் இத்தனை பேர் ஒளிந்துகொண்டிருந்தது எனக்குத் தெரியாமல் போயிற்று. உன் கேமின் பெயரில் ஒன்று இருந்தது. உள்ளே "சேவ்ஸ்" என்று இன்னொன்று. அதைத் திறந்தால் காலி. நீதான் இடமில்லை என்று எல்லாவற்றையும் டிஸ்க்குக்கு மாற்றினாயாம், உன் மாமா சொல்கிறார்.

ஞாயிற்றுக்கிழமை மூவருமாக வண்டியில் ஓரிக்கை போனோம். ஜோசுவாவும் அவன் மனைவி ஷாரோனும் அப்போதுதான் சர்ச்சிலிருந்து வந்திருந்தார்கள். விஷயத்தைச் சொன்னதும் ஷாரோன் டிவியில் ஓடிக்கொண்டிருந்த சமையலை நிறுத்திவிட்டு பாக்ஸைப் போட்டாள். தேடித் தேடிக் கடைசியில் உன் பெயர் வந்தது. ஜோசுவா அழுத்தினான். பண்ணை திறந்துகொண்டது ஆனந்தா! சுவர் அகலத்துக்கு! நான் வெட்ட வேண்டாம் என்று சொன்ன மரம் நிற்கிறது. மஞ்சள் தொப்பி போட்டுக்கொண்டு நீ வாசலில் நிற்கிறாய். உன் மாமா குழந்தையிடம், "அதோ பாரு, அதான் உன் மாமா" என்றார். சங்கரி டிவியைத் தொட்டு "மாமா, மாமா" என்றாள். நீ கேட்டாயே, இப்போது அந்த வார்த்தையும் வருகிறது. தொப்பி போட்ட பொம்மையைப் பார்த்து.

நான் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்த நேரத்தில் ஜோசுவா தொழுவத்துக்குள் போனான். ஒரு மாட்டின் மேல் அழுத்தினான். "புவனா" என்று பெயர் வந்தது. ஷாரோன் முந்தானையை வாயில் வைத்துக்கொண்டாள். ஜோசுவாவின் அம்மா செல்லியம்மாள், "பரவால்லமா, நல்லா கொழுகொழுன்னு தான் கீது" என்று எனக்கு ஆறுதல் சொன்னார்கள். அது மற்ற மாடுகளை முட்டித் தள்ளிவிட்டு முதல் ஆளாகத் தீனிக்கு வருகிறது. வீடு வரும் வரை உன் மாமா வண்டியில் குலுங்கிக்கொண்டே வந்தார். ரோடு மோசம் என்றார்.

சரி, அதை எடுத்துத் தா என்று பென் டிரைவை நீட்டினேன். ஜோசுவா தலையை ஆட்டினான். "இந்த பாக்ஸ்லருந்து வெளிய எடுக்க முடியாதுக்கா. எடுத்தாலும் கம்ப்யூட்டர்ல தொறக்காது, அவன் கம்பெனிப் பூட்டு போட்டு வெச்சிக்கினு இருக்கான். இங்கியே வந்து ஆடிக்கினு போங்க" என்றான். நல்ல பையன். ஆனால் பார்க்க முடிகிறது, கொண்டுவர முடியவில்லை. அதுவும் பழைய பண்ணையாம், நாம் குளம் வெட்டுவதற்கு முந்தியது.

பார்த்தேன் என்பதால் பாதி நிபந்தனை கழித்துக்கொள்வாயா?

புவனா (மாடு அல்ல)


ஓசூர்
19 பிப்ரவரி 2025

அக்கா,

பண்ணையிலேயே அதிகம் பால் கறக்கிற மாடு அது. அதற்கு வேறு யார் பெயரை வைக்க?

இனி மீதி இருப்பது உன் பழைய போன். தறிக்குழியில் விழுந்து, உன் காலாலேயே மிதிபட்டதே, அதுதான். போன ஆடி மாதம் கரண்ட் அடிக்கடி போனபோது பண்ணையை அதில் ஏற்றிக் கொடுத்தேன். குளம், வாத்து எல்லாம் அதில் இருக்க வேண்டும். தூக்கிப் போட்டிருந்தால் சொல்லாதே, பொய்யாவது சொல்.

கண்ணாடி நொறுங்கியிருப்பதால் தொட்டால் வேலை செய்யாது. போன் கடையில் ஓடிஜி என்று கேள், சின்ன இணைப்பு. அதில் கம்ப்யூட்டர் மவுஸைச் செருகினால் போனில் அம்பு வரும், விரலுக்குப் பதில் அதை ஓட்டலாம். ஃபைல் மேனேஜரில் "ஆண்ட்ராய்டு", அதற்குள் "டேட்டா", அதற்குள் கேமின் நீளமான பெயர், அதற்குள் "சேவ்ஸ்". முழு ஃபோல்டரையும் மெமரி கார்டுக்குக் காப்பி செய். ஒற்றை ஃபைலை மட்டும் எடுக்காதே, பெயரையும் மாற்றாதே. அதைக் கொண்டுவந்து கம்ப்யூட்டரில் நீ காலியாகப் பார்த்த அந்த ஃபோல்டருக்குள் போடு. போனும் கம்ப்யூட்டரும் இந்த ஒரு விஷயத்தில் ஒரே மாதிரி, அது இங்கேயும் திறக்கும். கேமை மட்டும் என் கணக்கிலிருந்து மறுபடி இறக்கிக்கொள், பாஸ்வேர்டு நம் அம்மா பெயரும் தெரு எண்ணும்.

இன்னொன்று. இதை எப்படி எழுதுவது என்று தெரியவில்லை. மார்ச்சில் தொழிற்சாலைக்குப் பெரிய ஆய்வு வருகிறது. சூப்பர்வைசர் யாருக்கும் லீவு இல்லை என்று சொல்லிவிட்டார். காதுகுத்து என்றேன். "எங்க வூட்லயும் காது இருக்குது, போய் வேலையப் பாருய்யா" என்றார். கேட்டுக்கொண்டே இருக்கிறேன். ஒருவேளை முடியாவிட்டால் நிபந்தனைக்காக வரவில்லை என்று நினைத்துக்கொள்ளாதே.

ஆனந்தகுமார்


பெரிய காஞ்சிபுரம்
26 பிப்ரவரி 2025

ஆனந்தா,

உன் கடைசிப் பத்தியைப் பிறகு பார்த்துக்கொள்கிறேன். முதலில் இதைக் கேள்.

போன் அரிசி டப்பாவுக்குப் பின்னால் இருந்தது. மவுஸைச் செருகியதும் அம்பு வந்தது. சேவ்ஸ் ஃபோல்டர் கிடைத்தது. மெமரி கார்டில் ஏற்றிக் கம்ப்யூட்டருக்குக் கொண்டுவந்தேன். ஆர்வத்தில் அந்த ஃபைலையே இரண்டு தட்டுத் தட்டிவிட்டேன். எதில் திறக்க என்று கேட்டது. கேட்டால் பதில் சொல்ல வேண்டுமே, முதலில் இருந்ததைச் சொன்னேன். திரை முழுக்க எழுத்தும் குறியுமாகக் கொட்டியது. சிக்கெடுக்காத நூல் பொதியைப் பிரித்த மாதிரி இருந்தது. போச்சு, மறுபடி கெடுத்துவிட்டேன் என்று கத்தினேன். உன் மாமா, "எதையும் அழுத்தாத, சேவ் பண்ணாத, மெதுவா மூடு" என்றார். மூடப் போகும்போது அந்தக் குப்பைக்கு நடுவில் ஆங்கிலத்தில் "சங்கரி" என்று இருந்தது. தெளிவாக இருந்தது.

பிறகு நீ சொன்னபடி ஃபோல்டரை அதன் இடத்தில் வைத்துக் கேமைத் திறந்தேன். குளம் இருக்கிறது. குளத்தில் ஒரு குட்டி வாத்து. அதன் மேல் அழுத்தினால் சங்கரி. இவள் நடக்க ஆரம்பித்த மாதம் வாங்கினாய்போல, அதுவும் இவள் மாதிரியே அசைந்து அசைந்து நடக்கிறது. வெட்டிப் பசங்க ஆட்டம் என்று நான் சொல்லியிருக்கக் கூடாது. இதில் உட்கார்ந்து நீ எங்களை எல்லாம் குடிவைத்துக்கொண்டிருந்தாய்.

அப்புறம் நடந்ததை உன் மாமா எழுதுவதற்குள் நானே எழுதிவிடுகிறேன். சும்மா தண்ணீர் மட்டும் விடலாம் என்று உட்கார்ந்தேன். தக்காளி பழுத்திருந்தது, பறிக்காமல் விட முடியுமா? பறித்தால் விற்க வேண்டும். விற்றால் விதை வாங்க வேண்டும். சாயந்தரமும் உட்கார்ந்தேன். நேற்று உன் மாமா சோறு வடித்தார். நெய்யக் கொடுத்த சேலைக்காரர் வந்து, "இன்னாமா, பார்டர் அப்படியே நிக்குது?" என்று கேட்டார். களை எடுத்துக்கொண்டிருந்தேன் என்று வாய் தவறிச் சொல்லிவிட்டேன். சங்கரி என் மடியில் உட்கார்ந்து தொப்பிக்காரனைப் பார்த்து "மாமா, வாத்து, மாமா, வாத்து" என்று சொல்லிக்கொண்டே இருக்கிறாள்.

இப்போது உன் கடைசிப் பத்தி. நிபந்தனை போட்டது நீ. பண்ணையைத் தேடி எடுத்தது நான். பண்ணை இப்போது என் கையில் இருக்கிறது. மாசி இருபத்தாறு காலையில் குமரக்கோட்டத்தில் உன் மடி இல்லையென்றால், இந்த ஃபோல்டரைப் பிடித்து டெலீட் பண்ணுவேன், குப்பைத் தொட்டியையும் காலி பண்ணுவேன். எப்படி என்று இப்போது எனக்குத் தெரியும்.

டெலீட் பண்ண மாட்டேன் என்று உனக்கும் தெரியும். அதனால் உண்மையையே எழுதுகிறேன். சபாபதி அண்ணனிடம் வேண்டாம் என்று சொல்லிவிட்டேன். நீ வராவிட்டால் அன்று மொட்டை மட்டும்தான். காது குத்த மாட்டேன். என் பிள்ளையை வேறு யார் மடியிலும் உட்கார வைக்க எனக்கு மனசில்லை.

அக்கா


ஓசூர்
3 மார்ச் 2025

அக்கா,

பண்ணையை வைத்து மிரட்டாதே. அழித்தாலும் வருவேன்.

என் ஷிப்டை முனிரத்தினம் பார்க்கிறான். சூப்பர்வைசரிடம் உன் கடிதத்தின் கடைசிப் பத்தியைப் படித்துக் காட்டினேன். கோபித்துக்கொள்ளாதே, வேறு வழி தெரியவில்லை. கேட்டுவிட்டு, "எனக்கும் ஒரு தங்கச்சி இருக்குது, நான்தான் போவல" என்றார். ஒரு நாள் லீவு எழுதிக் கொடுத்தார். ஒன்பதாம் தேதி வேலை முடிந்து பஸ் ஏறுகிறேன், பத்தாம் தேதி காலை நேராகக் கோயிலுக்கு வந்துவிடுவேன். ராத்திரியே திரும்ப வேண்டும்.

தோட்டுக்கு அலையாதே. மாமன் சீர்த் தோடு என்னிடம் இருக்கிறது. நவம்பரிலேயே வாங்கிவிட்டேன். அப்போது உன்மேல் பயங்கரக் கோபத்தில் இருந்தேன். கடைக்காரர் யாருக்கு என்று கேட்டார். அக்கா மகளுக்கு என்றேன். சிவப்புக் கல் வைத்தது. பாவாடைக்கு மட்டும் அளவு அனுப்பு.

தக்காளியை எல்லாம் ஒரே நாளில் விற்காதே, விலை இறங்கிவிடும்.

ஆனந்தகுமார்


பெரிய காஞ்சிபுரம்
14 மார்ச் 2025

தம்பிக்கு,

போட்டோக்கடையிலிருந்து படம் வந்துவிட்டது, ஒன்று இதோடு வைத்திருக்கிறேன். ஆசாரி ஊசியை எடுத்ததிலிருந்து நீ கண்ணை இறுக்கி மூடிக்கொண்டிருந்தாய். அதனால் நடந்தது எதையும் பார்த்திருக்க மாட்டாய். நான் சொல்கிறேன்.

நீ கையை நீட்டியதும் சங்கரி ஊரைக் கூட்டினாளே, அப்போது உன் முகம் போன போக்கை என்னால் மறக்க முடியாது. ஆயுத பூஜைக்குப் பிறகு அவள் உன்னைப் பார்க்கவே இல்லை. ஓசூரிலிருந்து பஸ்ஸில் கசங்கி வந்த ஒரு ஆள், அவ்வளவுதான் அவளுக்கு. "மாமாடி, மாமாகிட்ட போ" என்று நான் சொல்லச் சொல்ல, "மாமா இல்ல, மாமா இல்ல" என்று என் கழுத்தைக் கட்டிக்கொண்டாள். சபாபதி அண்ணன் பக்கத்தில் புது வேட்டியைத் தட்டிவிட்டுக்கொண்டு தயாராக நின்றார். நேரம் வேறு போய்க்கொண்டிருந்தது.

எனக்குப் புரியவில்லை, உன் மாமாவுக்குத்தான் புரிந்தது. சன்னதித் தெருவுக்கு ஓடினார். திரும்பி வரும்போது கையில் வெயிலுக்கு விற்கிற மஞ்சள் தொப்பி. உன் தலையில் கவிழ்த்தார். "கோயில்ல தொப்பி போட்டுக்கினு உக்காருவானா? இன்னாபா அர்ஜுனா இது கூத்து!" என்று உன் மாமாவைப் பார்த்து சபாபதி அண்ணன் குதித்தார். ஆசாரிதான் அடக்கினார். "இருங்க சார், கொழந்த அழாம இருந்தா கிரீடம் வெச்சிக்கினாலும் சரிதான்."

அவள் உன்னை ஏற இறங்கப் பார்த்தாள். அழுகை நின்றது. "வாத்து எங்க?" என்று கேட்டாள். கேட்டுக்கொண்டே உன் மடிக்குத் தாவினாள். ஊசி இறங்கியபோது ஒரே ஒரு தடவை வீல் என்றாள். நீ அவளைவிட சத்தமாகக் கத்தினாய். படத்தைப் பார், பட்டு வேட்டி, மஞ்சள் தொப்பி, மூடிய கண், மடியில் மொட்டைத் தலை. சிவப்புக் கல் நன்றாகத் தெரிகிறது. ஷாரோனுக்கு ஒரு பிரதி வேண்டுமாம்.

ஆனால் ஒன்று. சாப்பிட்டதும் பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது என்று ஓடினாய். பண்ணையை முழுசாகப் பென் டிரைவில் ஏற்றி, இந்த முறை அம்புக்குறி இல்லாமல், சோதித்துப் பார்த்து, உன் பைக்குப் பக்கத்தில் மேஜை மேல் வைத்திருந்தேன். எடுத்துக்கொள் என்று இரண்டு தடவை சொன்னேன். மறந்துவிட்டாய். இவ்வளவு பாடுபட்டுத் தேடியது அதற்குத்தானே? கூரியரில் அனுப்பட்டுமா?

அக்கா


ஓசூர்
20 மார்ச் 2025

அக்கா,

படத்தைக் கட்டிலுக்கு மேல் ஒட்டியிருக்கிறேன். முனிரத்தினம் தினம் ஒரு தடவை பார்த்துச் சிரிக்கிறான். தோடு காதில் புண்ணாகாமல் பார்த்துக்கொள், தேங்காயெண்ணெய் தடவு.

பென் டிரைவை மறக்கவில்லை. மேஜை மேல் பார்த்தேன். பையில் இடமும் இருந்தது. எடுக்கத்தான் கையை நீட்டினேன். எடுத்து வந்தால் இங்கே ஒரு நொடியில் திறந்துவிடும். திறந்து என்ன செய்வது? பக்கத்தில் முக்காலி போட்டு, அங்கே போடாதே இங்கே போடாதே என்று சொல்ல ஆள் இல்லை. அதனால் அங்கேயே விட்டுவிட்டேன். கூரியரில் அனுப்பாதே.

அதை எடுக்க வருகிறேன் என்று சொல்லி ஏப்ரலில் லீவு கேட்டால் சூப்பர்வைசர் தரமாட்டார். அக்காவைப் பார்க்கப் போகிறேன் என்று கேட்டேன். அப்படி வாய்விட்டுச் சொன்னது இதுதான் முதல் தடவை, கொஞ்சம் வெட்கமாக இருந்தது. தந்துவிட்டார். சித்திரை பிறக்கும்போது நாலு நாள் அங்கே இருப்பேன்.

தம்பி
ஆனந்தகுமார்